கதை கேட்ட மனுஷன்



போன செமஸ்டர் லீவுல இன்பிளான்ட் டிரெய்னிங்குக்காக நாங்க நாலு பேர் பத்து நாள் மேட்டுப்பாளையம் போய் வந்தோம். உடனே மலை ரயிலையும் ஊட்டியையும் நினைச்சிடாதீங்க, அது கோயம்புத்தூர் பக்கம். இது நம்ம புதுச்சேரி மேட்டுப்பாளையம். தொழிற்பேட்டை, வரிசையா நிற்கிற லாரி, செருப்பு முழுக்க தூசி. மதியம் சாப்பிட்டதும் எதிர்ல இருக்கிற டீக்கடைதான் எங்களுக்குக் கேன்டீன். அங்கே சுவர்ல ஒரு சின்ன டிவி. அதுல எப்பவும் பழைய படம்தான் ஓடும்.

ஒருநாள் 'காதலிக்க நேரமில்லை' ஓடிக்கிட்டிருந்தது. நாகேஷ் தன் அப்பாவுக்குப் பேய்க்கதை சொல்கிற காட்சி. கடையே சிரிக்குது. என் பக்கத்து பெஞ்சில் ஒரு லாரி டிரைவர், வடக்கே எங்கேயோ இருந்து சரக்கு ஏத்திட்டு வந்தவர். ஒரு வார்த்தை தமிழ் தெரியாது, டீ கேட்டதே விரலால்தான். அவரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார். நாகேஷ் சொல்ற கதை இவருக்கு எப்படிப் புரியும்னு ஆச்சரியமா இருந்தது. அவர் கண் போன திசையைப் பார்த்தப்புறம்தான் விளங்கிச்சு. அவர் நாகேஷைப் பார்க்கவே இல்லை. கதை கேட்கிற அப்பாவைத்தான் பார்த்துக்கிட்டிருந்தார்.

அந்த அப்பா யாருடான்னு என் ஃப்ரெண்ட் கேட்டான். நாலு பேருக்கும் நாகேஷைத் தெரியும். அந்த முகத்தையும் தெரியும், வாட்ஸ்அப் குரூப்புல ஸ்டிக்கரா வெச்சிருக்கோம். பேர் மட்டும் ஒருத்தருக்கும் தெரியலை. டீ மாஸ்டர்தான் சொன்னார். பாலையா. டி.எஸ்.பாலையா.

எனக்கு அன்னைக்கு அது கொஞ்சம் உறுத்திச்சு. அதுக்கு ஒரு காரணம் இருக்கு, கடைசியில சொல்றேன். முதல்ல அவர் கதை.

சுண்டங்கோட்டையிலிருந்து மேடைக்கு

பாலையா பிறந்தது 1914 ஆகஸ்ட் 23. ஊர் சுண்டங்கோட்டை. அப்போது அது திருநெல்வேலிச் சீமை, இப்போது தூத்துக்குடி மாவட்டம். அந்தக் காலத்தில் நடிக்கணும்னு ஆசைப்பட்ட ஒரு பையனுக்கு இருந்த ஒரே வழி நாடகக் கம்பெனி. பாலையாவும் அந்த வழியாகத்தான் வந்தார்.

நாடகக் கம்பெனின்னா நம்ம கல்ச்சுரல்ஸ் மாதிரி வருஷத்துக்கு ஒரு நாள் மேடை ஏறுகிற விஷயம் இல்லை. கம்பெனி வீட்டிலேயே தங்கணும், அங்கேயே சாப்பிடணும், ஊர் ஊராக மூட்டை கட்டணும். வாத்தியார் பாட்டு, வசனம், நடை எல்லாத்தையும் அடிச்சுச் சொல்லிக்கொடுப்பார். இன்னைக்கு மந்திரியா நடிச்சவன் நாளைக்குச் சேவகனா நிக்கணும். கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்து பார்க்கிறவனுக்கும் குரல் போய்ச் சேரணும். எம்.ஜி.ஆர்., சிவாஜி, என்.எஸ்.கிருஷ்ணன், நம்பியார், எம்.ஆர்.ராதா எல்லாரும் இந்தப் பட்டறையில் அடி வாங்கி வந்தவர்கள்தான். சினிமா பேசத் தொடங்கியபோது அதற்குப் பேசவும் பாடவும் தெரிந்த ஆட்கள் தேவைப்பட்டார்கள். நாடக மேடையே மொத்தமாக ஸ்டூடியோவுக்குக் குடிபெயர்ந்தது.

ஒரே படம், பல பேருக்கு முதல் படம்

1936-ல் 'சதி லீலாவதி' வெளிவந்தது. எஸ்.எஸ்.வாசன் 'ஆனந்த விகடன்' இதழில் எழுதிய தொடர்கதைதான் படமானது. குடியால் ஒரு குடும்பம் சீரழிகிற கதை. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்கிற அமெரிக்கர். தமிழ் தெரியாது. அவர் இயக்கிய முதல் தமிழ்ப் படமும் இதுதான். கதாநாயகன் எம்.கே.ராதா.

இந்தப் படத்தின் நடிகர் பட்டியலை இன்னைக்கு எடுத்துப் பார்த்தா தலை சுத்தும். ஒரு சின்ன போலீஸ் இன்ஸ்பெக்டர் வேஷத்தில் 19 வயசு எம்.ஜி.ஆர். இன்னொரு வேஷத்தில் என்.எஸ்.கிருஷ்ணன். கதாநாயகனோடு நண்பனைப் போலப் பழகி, அவனைக் குடிக்கப் பழக்கி, அவன் மனைவி மேலேயே கண் வைக்கிற ராமநாதன் என்கிற வில்லனாக 21 வயசு பாலையா. எம்.ஜி.ஆருக்கும் பாலையாவுக்கும் இதுதான் முதல் படம்.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. ஒரே பேட்ச். அதில் ஒருத்தர் பின்னால் முதலமைச்சர் ஆனார். ஒருத்தர் கலைவாணர் ஆனார். இந்தப் படத்தில் மூணு பேரில் பெரிய வேஷம் கிடைச்சது யாருக்குன்னு பார்த்தா, பாலையாவுக்குத்தான். எம்.ஜி.ஆருக்குக் கதாநாயக வேஷம் கிடைக்க 1947-ல் வந்த 'ராஜகுமாரி' வரை, பதினோரு வருஷம் காத்திருக்க வேண்டியிருந்தது. அந்தப் படத்திலும் பாலையா இருந்தார்.

வில்லன் காலம்

அடுத்த வருஷம், 1937-ல், அதே டங்கன் இயக்கத்தில் 'அம்பிகாபதி'. எம்.கே.தியாகராஜ பாகவதர் கதாநாயகன். கம்பரின் மகன் அம்பிகாபதிக்கும் சோழ இளவரசி அமராவதிக்கும் காதல். குறுக்கே நிற்கிற ருத்ரசேனன் வேஷம் பாலையாவுக்கு. பாகவதர் பாட வாய் திறந்தாலே தியேட்டர் மயங்கிப்போகிற காலம் அது. அவருக்கு எதிரே நிக்கிறவனுக்குப் பாட்டு கைகொடுக்காது. குரலும் பார்வையும் வாள்வீச்சும்தான் துணை. பாலையாவுக்கு அது போதுமானதாக இருந்தது. தமிழ் சினிமாவின் முதல் தலைமுறை வில்லன்களில் அவர் பேர் நிலைச்சுப்போச்சு.

அந்த நாள் சினிமா எப்படி எடுத்தாங்கன்னு ஒரு வார்த்தை. டப்பிங் தியேட்டர் வசதி எல்லாம் பின்னால் வந்தது. அப்போது நடிக்கிற இடத்திலேயே பேசிப் பதிவு பண்ணணும். ஒருத்தர் தப்பா மூச்சு விட்டாலும் எல்லாரும் முதல்லேர்ந்து ஆரம்பிக்கணும். அதனால் கூட நடிக்கிறவர் வசனத்தைக் கவனமாகக் கேட்டு, சரியான இடத்தில் எடுத்துக்கொடுக்கிற நடிகனுக்குத் தனி மதிப்பு. பாலையாவின் பிற்காலப் படங்களைப் பார்க்கும்போது, கேட்கிற அந்தப் பழக்கம் உடம்பிலேயே ஊறிப்போனது தெரியும்.

அவருக்குக் கதாநாயகன் வாய்ப்பு வராமலும் இல்லை. 1948-ல் வந்த 'மோகினி'யில் மாதுரி தேவிக்கு ஜோடி பாலையா. இன்னொரு ஜோடி எம்.ஜி.ஆரும் வி.என்.ஜானகியும். அதாவது அந்த வருஷம் வரைக்கும் போட்டியில் ரெண்டு பேரும் பக்கத்துப் பக்கத்து டிராக்கில்தான் ஓடிக்கிட்டிருந்தாங்க. அப்புறம் ஒரு டிராக் மேலே ஏறிச்சு. இன்னொண்ணு வேறே பக்கம் திரும்பிச்சு.

1949-ல் 'வேலைக்காரி'. கதை, வசனம் அறிஞர் அண்ணா. இயக்கம் ஏ.எஸ்.ஏ.சாமி. பணக்காரரான வேதாசல முதலியாரின் கொடுமையால் தந்தையை இழந்த ஆனந்தன், கத்தியைத் தூக்கிப் பழிவாங்கக் கிளம்புகிறான். கே.ஆர்.ராமசாமி அந்த ஆனந்தன். அவனைத் தடுத்து, ஆத்திரத்தை அறிவால் தீர்த்துக்கொள்ளச் சொல்லி வழிகாட்டுகிற நண்பன் மணியாகப் பாலையா. படத்தின் கருத்தையே தோளில் சுமக்கிற வேஷம். கோபப்படுகிற வேலை கதாநாயகனுக்கு. யோசிக்கிற வேலை இவருக்கு. முதல் படத்தில் கெடுக்கிற நண்பனாக வந்தவர், பதிமூணு வருஷம் கழிச்சு நல்வழி காட்டுகிற நண்பனாக வந்தார். ரெண்டையும் ஜனங்க நம்பினாங்க.

வில்லனுக்குள்ளே ஒரு சிரிப்பு

1954. பிரெஞ்சுக்காரங்க கையிலிருந்து நம்ம புதுச்சேரி நவம்பர் 1-ஆம் தேதி மாறின வருஷம். அதே வருஷம் வந்த படம் 'தூக்குத் தூக்கி'. சிவாஜி கணேசனும், லலிதா, பத்மினி, ராகினி சகோதரிகளும் நடிச்சது. இதில் பாலையா ஒரு வடநாட்டு சேட். தமிழையும் இந்தியையும் கலந்து உடைச்சுப் பேசுவார். கதைப்படி அவர் கெட்டவர்தான், இளவரசனின் மனைவியை மயக்குகிறவர். ஆனால் ஜனங்க அவரைப் பார்த்துப் பயப்படலை, சிரிச்சாங்க.

1956-ல் 'மதுரை வீரன்'. பொம்மியை அடையத் துடிக்கிற நரசப்பன் வேஷம். வீரம் பேசுவான், ஆபத்து வந்தால் அலறுவான். இங்கேயும் வில்லத்தனத்துக்கு உள்ளே கோமாளித்தனம்.

இந்த இடத்தில்தான் பாலையா என்ன கண்டுபிடிச்சார்னு எனக்குத் தோணுது. கெட்டவனிடமும் ஒரு பலவீனம் இருக்கும். பேராசை இருக்கும், பயம் இருக்கும், பொண்டாட்டிக்குப் பயம் இருக்கும். அதைக் காட்டினால் அவன் வில்லன் பொம்மையா இல்லாமல் நம்ம பக்கத்து வீட்டு ஆள் ஆயிடுவான். ஒரு வேஷத்துக்குள் இன்னொரு ஆளை ஒளிச்சு வைக்கிற இந்த வேலைக்குத்தான் தமிழில் குணச்சித்திர நடிப்புன்னு அழகா ஒரு பேர் வெச்சாங்க.

அந்தப் பேருக்கு முழுசாப் பொருந்தின வேஷம் 1959-ல் வந்தது. பீம்சிங் இயக்கிய 'பாகப்பிரிவினை'. ஒரு கிராமத்துக் கூட்டுக்குடும்பம். அண்ணன் பாலையா, தம்பி எஸ்.வி.சுப்பையா. அண்ணன் நல்லவர், தம்பி மேல் உயிர். ஆனால் மனைவி சொல்லைத் தட்ட முடியாதவர். எம்.ஆர்.ராதா வந்து கலகம் மூட்ட, குடும்பம் ரெண்டாகிறது. நல்ல மனசு இருந்தும் தைரியம் இல்லாதவனால் எவ்வளவு கேடு வரும்னு அந்த அண்ணனைப் பார்த்தால் தெரியும். அவரை வெறுக்கவும் முடியலை, மன்னிக்கவும் முடியலை. நம்ம வீடுகளில் சொத்துப் பிரிக்கிற அன்னைக்குத் திண்ணையில் தலையைக் குனிஞ்சு உட்கார்ந்திருக்கிற ஒரு பெரியப்பாவை நினைச்சுக்கோங்க. அதுதான் அந்த வேஷம்.

ஐம்பதை நெருங்கும்போது வந்த வசந்தம்

1964 பிப்ரவரியில் 'காதலிக்க நேரமில்லை' வெளியானபோது பாலையாவுக்கு 49 வயசு. ஸ்ரீதர் இயக்கம், சித்ராலயா கோபு கூட்டணி, கலர் படம். ரவிச்சந்திரனுக்கு முதல் படம். காஞ்சனா, ராஜஸ்ரீ, முத்துராமன், நாகேஷ், சச்சுன்னு எல்லாம் இளவட்டம். அதுக்கு நடுவில் சின்னமலை எஸ்டேட் முதலாளி விஸ்வநாதனாகப் பாலையா. பணக்கார சம்பந்தம் வேணும்னு அலைகிற அப்பா.

அந்தப் பேய்க்கதைக் காட்சிக்கு வருவோம். மகன் செல்லப்பா சினிமா எடுக்கப் போறேன்னு அப்பாவிடம் காசு கேட்கிறான். அப்பாவுக்குத் தன் கதையைச் சொல்லிக் காட்டுகிறான். நாகேஷ் வாயாலேயே கதவைத் திறக்கிறார், காலடி வைக்கிறார், அலறுகிறார். அது அசுர உழைப்பு, அதில் சந்தேகமே இல்லை.

இப்போ அதே காட்சியை இன்னொரு தடவை போட்டு, பாலையாவை மட்டும் பாருங்க. தொடக்கத்தில் ஒரு அலட்சியம். இந்தப் பயலுக்கு வேலை வெட்டி இல்லைங்கிற முகம். கொஞ்ச நேரத்தில் காது மட்டும் கதைக்குள் போகுது. அப்புறம் கண். அப்புறம் கழுத்து. கடைசியில் மொத்த உடம்பும் பயந்து நடுங்குது. எஸ்டேட் முதலாளி காணாமல் போய், இருட்டில் பாட்டியிடம் கதை கேட்கிற சின்னப் பையன் உட்கார்ந்திருக்கிறான். இவ்வளவுக்கும் அவருக்கு அங்கே பெரிசா வசனமே கிடையாது.

நம்ம பாஷையில் சொல்றேன். ஒரு ஸ்பீக்கர் எவ்வளவு வாட்ஸ் இருந்தாலும், அறை சரியில்லைன்னா சத்தம்தான் வரும், இசை வராது. நாகேஷ் ஸ்பீக்கர்னா பாலையாதான் அந்த அறை. அவர் பயந்ததால்தான் அந்தப் பேய் இருந்தது. அவர் பயப்படலைன்னா நாகேஷ் தனியா ஏதோ சத்தம் போட்டுக்கிட்டிருந்திருப்பார். தமிழ் தெரியாத லாரி டிரைவருக்கு அந்தப் பேய் தெரிஞ்சதும் பாலையா முகத்தில்தான்.

படத்தை ஸ்ரீதரே 1966-ல் 'பியார் கியே ஜா'ன்னு இந்தியில் எடுத்தார். நாகேஷ் வேஷம் மெஹ்மூத்துக்கு, பாலையா வேஷம் ஓம் பிரகாஷுக்கு. ரெண்டு பேருமே அங்கே பெரிய ஆட்கள். அந்தக் காட்சி அங்கேயும் பேர் வாங்கிச்சு. கதை சொல்றவனுக்குச் சமமா கதை கேட்கிறவனும் வேணும்னு ஸ்ரீதருக்கு நல்லாத் தெரிஞ்சிருக்கு.

தோற்பது எப்படி

1965-ல் ஏ.பி.நாகராஜனின் 'திருவிளையாடல்'. இதில் பாலையா ஹேமநாத பாகவதர். பாண்டிய நாட்டுக்கு வந்து, என்னைப் பாட்டில் வெல்ல ஆள் உண்டான்னு சபையில் சவால் விடுகிற வித்வான்.

முதல் பாதி முழுக்க ஆணவம். சபையில் ராகமாலிகையாக ஒரு பாட்டு. குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, இசை கே.வி.மகாதேவன். அந்தக் குரலுக்கு வாயசைக்கிறது லேசுப்பட்ட காரியம் இல்லை. ஸ்வரமும் பிர்காவும் எங்கே திரும்பும்னே தெரியாது. பாலையாவின் கை தாளத்தைப் பிடிக்குது, புருவம் சங்கதியோடு ஏறி இறங்குது, பாட்டு முடியும்போது சபையைப் பார்க்கிற பார்வையில் ஒரு எகத்தாளம். இவர் பாடலைன்னு தெரிஞ்சும் இவர்தான் பாடுறார்னு நம்புகிறோம்.

அப்புறம் இரவு. சிவபெருமான் விறகுவெட்டியாக வந்து, ஹேமநாதர் தங்கியிருக்கிற வீட்டு வாசலில் பாடுகிறார். உள்ளே படுத்திருந்தவர் காதில் விழுகிறது. இங்கேயும் பாலையாவுக்கு வேலை கேட்பதுதான். முதலில் எரிச்சல், அப்புறம் ஆச்சரியம், அப்புறம் பயம். பாணபத்திரர் ஒதுக்கிவிட்ட சீடனே இப்படிப் பாடினால் பாணபத்திரர் எப்படிப் பாடுவார்னு நினைச்சு, ராத்திரியோடு ராத்திரியா ஊரை விட்டே போயிடுகிறார். ஆணவம் பிடிச்ச ஒருத்தன் தோற்கிறதைப் பார்த்தா நமக்கு சந்தோஷம்தான் வரணும். ஆனால் பாலையா முகத்தில் தெரிகிறது வெறும் தோல்வி மட்டும் இல்லை. தன்னைவிடப் பெரிய சங்கீதத்தைக் கேட்டுவிட்ட வித்வானின் அதிர்ச்சி அது. நல்ல பாட்டை அடையாளம் கண்டுக்கத் தெரிஞ்சவனால்தான் அப்படித் தோற்க முடியும்.

1967-ல் கே.பாலசந்தரின் 'பாமா விஜயம்'. மேஜர் சுந்தரராஜன், முத்துராமன், நாகேஷ் மூணு பேரும் மகன்கள். பக்கத்து வீட்டுக்கு ஒரு நடிகை குடிவர, அவர் முன்னால் கவுரவம் காட்டக் கடன் வாங்கிச் செலவு பண்ணுகிற மருமகள்கள். வரவுக்கு மேல் செலவு பண்ணினால் என்ன ஆகும்னு பாடியே காட்டுகிற அப்பா பாலையா. இஎம்ஐயில் போன் வாங்கிய என்னைப் போன்றவர்கள் தனியா உட்கார்ந்து பார்க்க வேண்டிய படம். இதுவும் 1968-ல் 'தீன் பஹுரானியான்' என்று இந்திக்குப் போச்சு. பாலையா வேஷத்தை அங்கே செய்தவர் யார் தெரியுமா? பிருத்விராஜ் கபூர். 'முகல்-ஏ-ஆஸம்' படத்தில் அக்பர் சக்கரவர்த்தியா நின்றவர்!

1968-ல் 'தில்லானா மோகனாம்பாள்'. நாதஸ்வரம் சிவாஜி. தவில் பாலையா, முத்துராக்கு. நாதஸ்வரக்காரர் சிக்கல் சண்முகசுந்தரம் தொட்டால் சிணுங்கி, கோபக்காரர். அவரைச் சமாதானப்படுத்துறது, ஆத்திரத்தில் எழுந்து போறவரைத் திரும்பக் கூட்டிவர்றது, ரயிலில் அவரும் மோகனாவும் கண்ணால் பேசிக்கொள்ளும்போது நடுவில் மாட்டிக்கிட்டுத் தவிக்கிறது, எல்லாம் முத்துராக்கு வேலை. தவில் வாசிக்கிற காட்சிகளில் அவர் கண் தவிலில் இருக்காது. நாதஸ்வரக்காரர் முகத்தில் இருக்கும். கூட வாசிக்கிறவனோட அடுத்த மூச்சு எங்கே வரும்னு காத்திருக்கிற கண் அது.

கூட்டிக் கழிச்சுப் பார்த்தா பாலையாவோட வாழ்க்கை வேலையே அந்தத் தவில்தான்.

1972

1972 ஜூலை 22-ஆம் தேதி பாலையா காலமானார். 58-வது பிறந்தநாளுக்கு ஒரு மாசம்தான் பாக்கி. 'சதி லீலாவதி'யில் அவரோடு அறிமுகமான எம்.ஜி.ஆர். அதே வருஷம் அக்டோபரில் தனிக்கட்சி தொடங்கினார். 1977-ல் முதலமைச்சர். ஒரே வாசலில் நுழைந்தவர்கள் போய்ச் சேர்ந்த தூரத்தைப் பாருங்க.

விருது பற்றியும் சொல்லணும். பாலையா சினிமாவுக்கு வந்த அதே 1936-ஆம் வருஷப் படங்களுக்குத்தான் ஆஸ்கரில் முதல் முறையாகச் சிறந்த துணை நடிகர் விருது கொடுத்தார்கள். வால்டர் பிரென்னன் வாங்கினார். கதாநாயகனுக்குப் பக்கத்தில் நிற்கிறவனுக்கும் ஒரு மேடை வேணும்னு அவங்களுக்கு அப்பவே தோணியிருக்கு. நம்ம தேசிய விருதில் துணை நடிகருக்கு என்று ஒரு பிரிவு வந்தது 1984-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். அதற்குப் பன்னிரண்டு வருஷம் முன்னாலேயே பாலையா போய்விட்டார். அவர் நடிச்ச 36 வருஷமும், அவர் செஞ்ச வேலைக்கு இந்த நாட்டின் தேசிய விருதுப் பட்டியலில் ஒரு வரி கூட கிடையாது.

அவர் மகன் ஜூனியர் பாலையாவை நாம பார்த்திருக்கோம். 'கரகாட்டக்காரன்' காலத்திலிருந்து 'சாட்டை' தலைமையாசிரியர் வரை. அவரும் கதாநாயகனுக்குப் பக்கத்தில் நின்னவர்தான். 2023 நவம்பரில் அவரும் காலமானார். அந்தச் செய்தி வந்த அன்னைக்கு நான் அதை ஸ்க்ரோல் பண்ணிட்டுப் போயிருக்கேன். இப்போ நினைச்சா வெட்கமா இருக்கு.

ஏன் உறுத்திச்சு?

இப்போ அந்தக் காரணம். போன வருஷம் கல்ச்சுரல்ஸ் நாடகத்தில் எனக்குக் கதாநாயகன் வேஷம் கிடைக்கும்னு ரொம்ப நம்பியிருந்தேன். கிடைச்சது அப்பா வேஷம். மொத்தம் ஒன்பது வசனம், எண்ணிப் பார்த்தேன். முகத்தைத் தூக்கி வெச்சுக்கிட்டே ஒத்திகைக்குப் போனேன். மகன் வேலை போனதைச் சொல்லி அழுகிற காட்சிதான் நாடகத்தின் உயிர். அவன் உருகி உருகிப் பேசுகிறான். நான் எதிரே நின்னுக்கிட்டு என் அடுத்த வசனம் எப்போ வரும்னு எண்ணிக்கிட்டிருந்தேன். நடுவில் ஒரு தடவை மேலே ஓடுகிற ஃபேனைக் கூடப் பார்த்தேன். அரங்கேற்றத்தன்னைக்கு அந்தக் காட்சியில் யாரும் அழலை. பின் வரிசையில் சிரிச்சாங்க. அவன் நடிப்பு சரியில்லைன்னு எல்லாரும் பேசிக்கிட்டாங்க. நானும் அப்படித்தான் நினைச்சேன். அவனும் அதை நம்பிட்டான். இந்த வருஷம் நாடகக் குழுவில் பேர் கொடுக்கவே இல்லை.

மேட்டுப்பாளையம் டீக்கடையில் பாலையாவைப் பார்த்தபோதுதான் தப்பு யாருதுன்னு எனக்குப் புரிஞ்சது. அவன் நல்லாத்தான் பேசினான். கேட்க ஆள் இல்லை.

நம்ம கிளாஸில் யாரைக் கேட்டாலும் டீம் லீடர் ஆகணும்னுதான் சொல்வாங்க, புராஜெக்ட் ரிவ்யூவில் மைக் தன் கைக்கு வரணும்பாங்க. ஆசைப்படுறது தப்பில்லை. பாலையாவும் கதாநாயகனா நடிச்சுப் பார்த்தவர்தான். ஆனால் கிடைச்ச இடம் ஓரமா இருந்தாலும் அங்கே முழுசா நிக்கிறது ஒரு வேலைன்னும், அது இல்லாட்டி நடுவில் நிக்கிறவன் விழுந்துடுவான்னும் எனக்கு இதுவரை யாரும் சொல்லித்தரலை. 1972-ல் போன ஒரு மனுஷன், ஒரு வசனமும் பேசாமல் சொல்லிக்கொடுத்துட்டார்.

இந்தக் கட்டுரையை அந்த நண்பனுக்குத்தான் முதல்ல அனுப்பியிருக்கேன். மச்சி, அன்னைக்குச் சிரிப்பு வந்ததுக்குக் காரணம் நான்தான், மன்னிச்சுக்கோ. இந்த வருஷம் பேர் கொடு. அப்பா வேஷத்தை எனக்கே கேட்டு வாங்கிக்கிறேன். ஒன்பது வசனம் போதும்.

மத்தவங்க எல்லாரும் இந்த வாரக் கடைசியில் 'காதலிக்க நேரமில்லை' பாருங்க. பார்த்தவங்க இன்னொரு தடவை பாருங்க, இந்தத் தடவை கதை கேட்கிறவரை. அடுத்த இதழில் சந்திப்போம்!